கழுத்துச் சிரையில் ஒரு ரத்தக்கட்டி: விண்வெளி நிலையத்தில் நடந்த சிகிச்சை

சர்வதேச விண்வெளி நிலையத்துக்கு ஆறு மாதப் பணிக்காகப் போன ஒரு வீரருக்கு, போய் ஏறக்குறைய இரண்டு மாதம் ஆன நிலையில், இடப்பக்கக் கழுத்துச் சிரையில் ரத்தம் உறைந்து அடைத்திருப்பது தெரியவந்தது. விண்வெளியில் இருக்கும்போதே ஒருவருக்குச் சிரையில் ரத்தக்கட்டி இருப்பதாகப் பதிவானது அதுதான் முதல் தடவை. 2020 ஜனவரியில் நியூ இங்கிலாந்து ஜர்னல் ஆஃப் மெடிசின் இதழில் ஒரு சிறு குறிப்பாக இது வெளிவந்தது. அதற்குச் சற்று முன்பு, 2019 நவம்பரில், இந்த வீரரும் அடங்கிய 11 பேரைப் பற்றிய ஆய்வு ஜாமா நெட்வொர்க் ஓப்பன் இதழில் வந்திருந்தது. வீரரின் பெயரையோ அவர் ஆணா பெண்ணா என்பதையோ அந்தக் குறிப்பு சொல்லவில்லை. நாமும் அதைத் துருவப் போவதில்லை.

எடையின்மை உடம்பை என்ன செய்யும் என்று கேட்டால், எலும்பு தேயும், தசை கரையும், முகம் உப்பும் என்று ஒரு பட்டியல் வரும். பட்டியலில் தப்பில்லை. ஆனால் அங்கே ஒருவருக்கு நிஜமாகவே உடம்புக்கு ஏதாவது வந்துவிட்டால் மருத்துவம் எப்படி நடக்கும் என்று அதிலிருந்து தெரியாது. இந்த நிகழ்வில் தெரிகிறது. மருந்துப் பெட்டியில் எத்தனை குப்பி, சிரிஞ்ச் எவ்வளவு, அடுத்த சரக்குக் கப்பல் எப்போது, இந்த மூன்றும்தான் சிகிச்சையை நடத்திச் சென்றன.

தேடியது வேறு

வீரருக்கு எந்தத் தொந்தரவும் இல்லை. தலைவலி இல்லை. குடும்பத்திலும் யாருக்கும் ரத்தக்கட்டி வந்ததில்லை. அப்படியிருக்க கழுத்தில் ஏன் அல்ட்ராசவுண்ட் வைத்துப் பார்த்தார்கள்? கண்ணுக்காக.

2011-ல் ஒரு மருத்துவக் கட்டுரை, நீண்ட பயணம் போய்வந்த 7 வீரர்களின் கண்களில் காணப்பட்ட மாற்றங்களை விவரித்தது. சிலருக்குப் பார்வை நரம்பு கண்ணுக்குள் நுழையும் இடம் வீங்கியிருந்தது. சிலருக்குக் கண்விழியின் பின்புறம் தட்டையாகியிருந்தது. கீழ் உடம்பிலிருந்து தலைப்பக்கம் ஏறும் திரவம்தான் காரணமோ என்ற சந்தேகம் வலுத்தது. அதை அளந்து பார்க்க நாசா ஒரு பெரிய ஆய்வைத் தொடங்கியது. அதன் ஒரு பகுதியாகத்தான் கழுத்துச் சிரைகளில் ரத்தம் எப்படி ஓடுகிறது என்று பார்த்தார்கள். பார்த்த இடத்தில் ஓட்டமே இல்லை, அடைப்பு இருந்தது.

இந்த ஆய்வு நடக்காமல் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? அந்த வீரர் வழக்கம்போல வேலை பார்த்திருப்பார், கட்டி தானாகக் கரைந்திருக்கலாம், அல்லது வளர்ந்து பெரிய சங்கடம் ஆகியிருக்கலாம். முன்பு போய்வந்தவர்களில் எத்தனை பேருக்கு இப்படி வந்து யாருக்கும் தெரியாமலே போயிருக்கும் என்ற கேள்வியும் கூடவே எழுகிறது. நோயைச் சந்தேகிக்க வைக்கும் அடையாளங்களும் அங்கே கைகொடுக்காது. பூமியில் கழுத்துச் சிரை அடைத்தால் முகம் உப்பும், சிவக்கும், தலை கனக்கும். விண்வெளியில் நன்றாக இருப்பவருக்கும் இதெல்லாம் உண்டு. எல்லோருக்கும் முகம் உப்பியிருக்கும் இடத்தில் ஒருவருக்கு மட்டும் நோயால் உப்பியிருப்பதை எப்படிக் கண்டுபிடிப்பது?

ரத்தம் ஏன் தேங்கியது

நிலையம் சுமார் 400 கி.மீ. உயரத்தில் சுற்றுகிறது. அங்கே புவியீர்ப்பு இல்லை என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் தரையில் இருப்பதில் ஏறக்குறைய 90 சதவீதம் அங்கேயும் உண்டு. நிலையமும் உள்ளே இருப்பவர்களும் ஒன்றாகச் சேர்ந்து பூமியைச் சுற்றி விழுந்துகொண்டே இருப்பதால் எடை தெரிவதில்லை, அவ்வளவுதான். ஆனால் ரத்தத்தைப் பொறுத்தவரை விளைவு ஒன்றே: கீழ் என்று ஒரு திசை இல்லாமல் போகிறது.

நாம் நிற்கும்போது தலையிலிருந்து இறங்கும் ரத்தத்தைப் புவியீர்ப்பு இழுத்துக்கொள்கிறது. அப்போது கழுத்துச் சிரைகள் பெரும்பாலும் சப்பையாகக் கிடக்கும். ரத்தத்தில் கணிசமான பங்கு முதுகெலும்பை ஒட்டிய சிரைப் பின்னல் வழியாக இறங்கும். படுத்ததும் கழுத்துச் சிரைகள் விரிந்து, அவையே முக்கிய வழியாகிவிடும். எழுந்தால் சப்பை, படுத்தால் விரிவு என்று தினமும் மாறி மாறி நடப்பதை நாம் கவனிப்பதே இல்லை. சுற்றுப்பாதையில் இந்த மாற்றம் நின்றுபோகிறது. சிரை மாதக்கணக்கில் 24 மணி நேரமும் விரிந்தே இருக்கிறது. குழாய் அகன்றால் அதே அளவு ரத்தம் மெதுவாகத்தான் நகரும்.

இதில் ஒரு புதிர் உண்டு. திரவம் மேலே ஏறினால் இதயத்துக்குத் திரும்பும் பெருஞ்சிரையில் அழுத்தம் கூடும், அதனால் கழுத்தில் தேங்கும் என்று நினைப்பது இயல்பு. 1991-ல் கொலம்பியா என்ற அமெரிக்க விண்வெளி ஓடத்தில் (ஷட்டில்) போன டிரூ காஃப்னி என்ற மருத்துவர், இதயத்தின் அருகே வரை செருகிய ஒரு மெல்லிய குழாயோடுதான் ஏவப்பட்டார். அந்த அழுத்தத்தை நேரடியாக அளப்பதற்காக அப்படிச் செய்தார்கள். எதிர்பார்த்தது கூடும் என்று, அளவீடு காட்டியது குறைந்தது என்று. ஆக, முன்னால் அடைத்துக்கொண்டு பின்னால் தேங்குகிறது என்ற எளிய விளக்கம் எடுபடாது. இடப்பக்கச் சிரை இதயத்துக்குப் போகும் வழி வலப்பக்கத்தைவிட நீளம். மார்பெலும்புக்கும் பெரிய தமனிகளுக்கும் நடுவே குறுக்காகப் போக வேண்டும். எடையில்லாத நிலையில் மார்புக்குள் உறுப்புகள் சற்று இடம் மாறி அந்த வழியை நெருக்கலாம் என்பது சொல்லப்படும் விளக்கங்களில் ஒன்று. எனக்கு அது பொருத்தமாகத்தான் படுகிறது, ஆனால் நிரூபணம் என்று சொல்லும் அளவுக்கு இன்னும் வரவில்லை.

தலையை 6 பாகை தாழ்த்தி, ஆட்களை வாரக்கணக்கில் கட்டிலில் படுக்கவைத்துச் செய்யும் ஆய்வுகள் பல பத்தாண்டுகளாக எடையின்மைக்கு மாற்றாகப் பயன்படுகின்றன. எலும்புக்கும் தசைக்கும் அது நல்ல மாற்று. ஆனால் படுத்திருப்பவரின் மார்பும் கழுத்தும் முதுகுப்பக்கமாக அழுந்திக்கொண்டுதான் இருக்கின்றன. சிரை விஷயத்தில் கட்டிலை எவ்வளவு நம்பலாம் என்பது யோசிக்க வேண்டியது.

முடிவு எடுத்த விதம்

முதலில் செய்ய வேண்டியது, சந்தேகம் சரிதானா என்று உறுதிப்படுத்துவது. நிலையத்தில் சி.டி. ஸ்கேன் இல்லை, எம்.ஆர்.ஐ. இல்லை. இருப்பது அல்ட்ராசவுண்ட் மட்டும். வீரரே தன் கழுத்தில் கருவியை வைத்து, தரையில் உள்ளவர்கள் அங்குலம் அங்குலமாகச் சொல்லச் சொல்ல நகர்த்தினார். படம் உடனுக்குடன் கீழே வந்தது. இரண்டு கதிரியக்க மருத்துவர்கள் தனித்தனியாகப் பார்த்து உறுதி செய்தார்கள்.

அடுத்து, சிகிச்சை தருவதா வேண்டாமா. இது பார்ப்பதுபோல் எளிதல்ல. கட்டி பிய்ந்து நுரையீரலுக்குப் போனால் உயிருக்கு ஆபத்து. மேல்நோக்கி வளர்ந்து மூளையின் சிரைகளை எட்டினால் அதுவும் ஆபத்து. மறுபுறம், ரத்தம் உறைவதைத் தடுக்கும் மருந்து கொடுத்துவிட்டு, அவர் எங்காவது தலையை இடித்துக்கொண்டு உள்ளே ரத்தம் கசிந்தால் நிறுத்த வழியில்லை. மருந்தின் விளைவை முறிக்கும் மாற்று மருந்து நிலையத்தில் அப்போது இல்லவே இல்லை. குறுகலான இடத்தில் மிதந்து திரிபவர்கள் எங்கும் இடிக்காமல் இருப்பதும் சுலபமல்ல.

திரும்ப அழைத்துக்கொள்வது மூன்றாவது வழி. ஷட்டில்கள் 2011-ல் ஓய்வு பெற்றுவிட்டன, ஸ்பேஸ்எக்ஸ் நிறுவனத்தின் டிராகன் கலம் ஆட்களை ஏற்ற ஆரம்பித்தது 2020-ல். இடைப்பட்ட அந்தக் காலத்தில் இறங்க ரஷ்யாவின் சோயூஸ் கலம் மட்டும்தான். ஒருவரை இறக்கினால் அவரோடு அந்த சோயூஸில் வந்தவர்களும் சேர்ந்து இறங்க வேண்டும். வளிமண்டலத்தில் நுழையும்போது சாதாரணமாகவே உடல் எடையைப்போல நான்கு மடங்கு அழுத்தும், கோளாறு ஆனால் இன்னும் அதிகம். கழுத்தில் புதிய கட்டியோடு ஒருவரை அதில் உட்கார வைப்பதா? தொந்தரவே இல்லாத ஆளுக்கு மேலேயே வைத்து மருந்து கொடுப்பது என்று முடிவானது. கையில் இருந்த தகவலை வைத்துப் பார்த்தால் அது சரியான முடிவு என்றே நினைக்கிறேன்.

வட கரோலினா பல்கலைக்கழகத்தின் ரத்த உறைவு நிபுணர் ஸ்டீபன் மோல் இதில் ஆலோசனைக்கு அழைக்கப்பட்டார். நாசாவுக்கு வெளியிலிருந்து கலந்துகொண்ட மருத்துவர் அவர் ஒருவர்தான். மேலே போய் நோயாளியை நேரில் பார்க்க முடியுமா என்று முதலில் கேட்டதாக அவரே வேடிக்கையாகச் சொல்லியிருக்கிறார். அப்புறம் மின்னஞ்சலிலும் தொலைபேசியிலும் வைத்தியம் நடந்தது. ஒருநாள் வீரரே நிலையத்திலிருந்து அவர் வீட்டு எண்ணுக்குக் கூப்பிட, எடுத்தது அவர் மனைவி. விண்வெளியிலிருந்து போன் என்று சொல்லிக் கணவரிடம் கொடுத்தாராம்.

இருபது குப்பி

நிலையத்தின் மருந்துப் பெட்டியில் எனாக்ஸாபாரின் இருந்தது. ரத்தம் உறைவதைத் தடுக்கத் தோலுக்கடியில் போடும் ஊசி மருந்து. தலா 300 மி.கி. கொண்ட 20 குப்பிகள், மொத்தம் 6,000 மி.கி. பூமியில் இந்த மருந்தை ரத்தக்கட்டிக்கு இரண்டு விதமாகக் கொடுப்பார்கள்: கிலோவுக்கு 1 மி.கி. வீதம் நாளுக்கு இருமுறை, அல்லது கிலோவுக்கு 1.5 மி.கி. வீதம் ஒருமுறை. அங்கே தேர்ந்தெடுத்தது இரண்டாவது. ஒருநாளைக்கு ஒரே ஊசி என்றால் மருந்தும் மிச்சம், சிரிஞ்சும் மிச்சம். சிரிஞ்ச் அங்கே எண்ணி வைத்த சரக்கு.

கணக்கைப் போட்டுப் பார்க்கலாம். வீரரின் எடை நமக்குத் தெரியாது, 70 கிலோ என்று வைத்துக்கொள்வோம். நாளுக்கு 105 மி.கி. அப்படியே போனால் 57 நாளில் பெட்டி காலி. பூமியில் இப்படிப்பட்ட கட்டிக்குக் குறைந்தது மூன்று மாதம் மருந்து தருவது வழக்கம். ஆகவே கைவசம் இருந்ததை வைத்து ஒப்பேற்றவே முடியாது. 33 நாளுக்குப் பிறகு டோஸைக் கிலோவுக்கு 1 மி.கி. என்று குறைத்தார்கள். நம் கணக்கில் நாளுக்கு 70 மி.கி. இதனால் பெட்டி 69 நாள் வரை தாங்கும். பூமியில் சிறுநீரகம் நன்றாக இருப்பவருக்கு ஒரு மருத்துவர் இந்த டோஸை எழுதினால், போதாது என்று சொல்வார்கள். இங்கே அப்படி எழுதியதற்குக் காரணம் நோயில் இல்லை, சரக்குக் கப்பல் வந்து சேரும்வரை மருந்தை இழுத்துப் பிடிக்க வேண்டியிருந்தது.

சரக்குக் கப்பலை நம்பிக் கடைசிக் குப்பி வரை போகக்கூடாது என்பதற்கு நல்ல காரணம் உண்டு. 2014 அக்டோபர் 28-ல் சிக்னஸ் என்ற சரக்குக் கப்பலை ஏற்றிய ராக்கெட் கிளம்பிய சில வினாடிகளில் வெடித்தது. 2015 ஏப்ரல் 28-ல் கிளம்பிய ரஷ்யாவின் புரோகிரஸ் சரக்குக் கப்பல் கட்டுப்பாடு இழந்தது. அதே ஆண்டு ஜூன் 28-ல் ஸ்பேஸ்எக்ஸின் சரக்குக் கப்பல் நடுவானில் சிதறியது. எட்டு மாதத்தில் மூன்று. அந்த மருத்துவர்களுக்கு ஏவுதல் அட்டவணையும் மருத்துவக் குறிப்பேட்டின் ஒரு பக்கம் மாதிரிதான் இருந்திருக்கும்.

ஊசி போடுவதும் ஒரு வேலை. தரையில் குப்பியைக் கவிழ்த்தால் மருந்து வாய்ப்பக்கம் வந்து நிற்கும், காற்று மேலே போகும், ஊசியைச் செருகி இழுத்தால் முடிந்தது. எடையின்மையில் கவிழ்ப்பதற்கு அர்த்தமே இல்லை. பரப்பு இழுவிசையால் மருந்து கண்ணாடிச் சுவரில் ஒட்டிக்கொள்ளும், காற்று குமிழாகி நடுவில் உட்கார்ந்துகொள்ளும். ஊசி முனை எங்கே நிற்கிறதோ அதைப் பொறுத்து மருந்தும் வரும், காற்றும் வரும். சரியான அளவு உள்ளே வந்ததா என்று பார்த்துப் பார்த்து எடுக்க வேண்டும். ஒரு மாதத்துக்கும் மேல் தினமும் இதைச் செய்திருக்கிறார்கள். இதழ்க் குறிப்பில் இதற்கு ஒரே ஒரு வாக்கியம்தான் ஒதுக்கியிருக்கிறார்கள்.

சிகிச்சையின் 42-ஆம் நாள், சரக்குக் கப்பலில் வந்த அபிக்ஸாபான் என்ற மாத்திரைக்கு மாறினார்கள், அதுவும் ரத்தம் உறைவதைத் தடுப்பதுதான். 5 மி.கி. காலையும் மாலையும். மூன்று மாதத்துக்குப் பிறகு அது 2.5 மி.கி. ஆனது.

கட்டி சுருங்கியது, ஓட்டம் வரவில்லை

ஒரு வாரம் முதல் மூன்று வாரத்துக்கு ஒருமுறை கழுத்தை ஸ்கேன் செய்தார்கள். கட்டியின் அளவு படிப்படியாகக் குறைந்தது. ஒன்றரை மாதம் கழிந்தபோது, சில உத்திகளைச் செய்யவைத்தால் அந்த இடத்தில் ரத்தம் கொஞ்சம் நகர்ந்தது. ஆனால் 90 நாள் மருந்துக்குப் பிறகும் தானாக ஓட்டம் வரவில்லை.

என்னைப் பொறுத்தவரை இந்த நிகழ்விலேயே முக்கியமான தகவல் இதுதான். மருந்து உறைவதைத் தடுக்கும், தேக்கத்தைத் தீர்க்காது. ரத்தக்கட்டி உருவாவதற்கு மூன்று காரணங்கள் உண்டு என்று 19-ஆம் நூற்றாண்டின் ஜெர்மன் மருத்துவர் விர்கோவின் பெயரால் பாடம் நடத்துவார்கள்: ஓட்டம் மந்தமாவது, குழாயின் உட்சுவர் சேதமாவது, ரத்தத்தின் உறையும் தன்மை கூடுவது. மருந்து கடைசியை மட்டும் தொடுகிறது. முதல் காரணம் நிலையத்தில் இருக்கும் வரை அப்படியே இருக்கிறது.

தரையிறங்க 4 நாள் இருக்கும்போது மாத்திரையை நிறுத்தினார்கள். இறங்கும்போது அடிபட்டால் ரத்தப்போக்கு மோசமாகக்கூடாதே என்று. இறங்கியபின் எடுத்த ஸ்கேனில் மிச்சமிருந்த கட்டி சிரைச் சுவரோடு சப்பையாக ஒட்டிக் கிடந்தது. மேற்கொண்டு மருந்து வேண்டாம் என்று விட்டுவிட்டார்கள். 24 மணி நேரம் கழித்துப் பார்த்தபோது இருந்த கட்டி, 10 நாள் கழித்துப் பார்த்தபோது இல்லை. ஆறு மாதம் கழித்தும் அவருக்கு எந்தத் தொந்தரவும் இல்லை.

மாத்திரையா, புவியீர்ப்பா, எது தீர்த்தது? ஒரே ஆளை வைத்துப் பிரித்துச் சொல்ல முடியாது. மாத்திரை கட்டியைச் சுருக்காமல் இருந்திருந்தால் புவியீர்ப்பு மட்டும் பத்து நாளில் இதைச் செய்திருக்கும் என்று நம்ப எனக்குத் தயக்கம்தான்.

மற்ற பத்துப் பேர்

ஒரு ஆளுக்கு வந்தது தற்செயல் என்று ஒதுக்கிவிடலாம். ஆனால் அந்த ஆய்வில் இருந்த 11 பேரில் 6 பேருக்கு, பயணத்தின் கிட்டத்தட்ட 50-ஆம் நாள் எடுத்த ஸ்கேனில், இடப்பக்கக் கழுத்துச் சிரையில் ரத்தம் அசையாமல் நின்றிருந்தது, அல்லது பின்னோக்கி, தலைப்பக்கமாக, ஓடியிருந்தது. எல்லோரும் ஆரோக்கியமானவர்கள், சராசரி வயது 47-ஐ ஒட்டி. படங்களைப் பின்னர் மறுபடி அலசியபோது இன்னொருவருக்கும் பகுதி அடைப்பு இருந்திருக்கலாம் என்று பட்டது. 11-ல் ஒன்று, ஒருவேளை இரண்டு. இவ்வளவு சிறிய எண்ணிக்கையை வைத்துச் சதவீதம் போட்டுப் பேசுவது வீண். ஆனால் பாதிப் பேருக்கு மேல் ஓட்டம் குலைந்திருந்தது என்பது அலட்சியப்படுத்தக் கூடியதல்ல.

அதே ஆய்வில் சிபிஸ் என்ற ரஷ்ய உடையையும் சோதித்தார்கள். இடுப்புக்குக் கீழே காற்றை உறிஞ்சி அழுத்தத்தைக் குறைக்கும் கால்சட்டை மாதிரியான சாதனம். ரத்தத்தைத் திரும்பக் கால் பக்கம் இழுக்கும். 17 முறை பார்த்ததில் 10 முறை கழுத்து ஓட்டம் மேம்பட்டது. மீதி 7-ல் பலன் இல்லை. பலன் கிடைத்தாலும், கழற்றியதும் சிரை பழைய நிலைக்குத் திரும்பும். ஒருவர் தினமும் சுமார் இரண்டு மணி நேரம் ஏற்கெனவே உடற்பயிற்சிக்குக் கொடுக்கிறார், எலும்பும் தசையும் கரையாமல் இருக்க. அதன் மேல் இதையும் எத்தனை மணி நேரம் மாட்டிக்கொண்டிருப்பது?

செவ்வாய்க்குப் போகும்போது நிலைமை இதைவிட இறுக்கம். போக மட்டும் ஆறேழு மாதம் ஆகும், நடுவில் சரக்குக் கப்பல் கிடையாது. ஒருவழிக்குச் சிக்னல் போய்ச் சேர 3 முதல் 22 நிமிடம் ஆகலாம் என்பதால், கருவியை இடப்பக்கம் நகர்த்துங்கள் என்று தரையிலிருந்து சொல்லிக்கொடுத்து ஸ்கேன் எடுப்பது நடக்காது. படத்தை எடுக்கவும் படிக்கவும் தெரிந்தவர் கப்பலிலேயே இருக்க வேண்டும்.

மருந்துப் பெட்டியில் முறிப்பு மருந்தையும் சேர்த்துவிடலாமே என்று தோன்றும். எனாக்ஸாபாரினுக்கு புரோட்டமின், அபிக்ஸாபானுக்கு வேறொன்று. இரண்டுமே சிரை வழியாக ஏற்ற வேண்டியவை. எடையின்மையில் பாட்டிலைத் தொங்கவிட்டால் டிரிப் இறங்காது. அதற்கு ஒரு பம்ப் வேண்டும், குழாயில் குமிழ் வராமல் பார்க்க வேண்டும், கையில் சிரை பிடித்து ஊசி ஏற்றத் தெரிந்த ஆள் வேண்டும். அந்த ஆளே நோயாளியாக இருந்துவிடக்கூடாது என்பதால், குறைந்தது இரண்டு பேருக்காவது கிளம்பும் முன்பே இந்தப் பயிற்சியைக் கொடுத்து அனுப்ப வேண்டியிருக்கும்.